ஆறலில் பார்த்துக்கலாம்

வெண்ணிக்கரையில் மாதங்கள் பேருந்தில்தான் வந்து இறங்கும். மலைப்பாதையில் தார் போடாத காலத்தில் மாட்டுவண்டியில் வந்தன என்றும், அதற்கும் முன்னால் நடந்தே வந்தன என்றும் சொல்வார்கள். எப்படி வந்தாலும் ஒன்றுதான், ஒரு மாதம் கையில் பையோடு ஊருக்குள் இறங்கி, எந்த வீட்டுக்கு முறையோ அந்த வீட்டில் போய்த் தங்கி, அங்கே போட்டதைச் சாப்பிட்டு, போதும் என்று தோன்றுகிற நாளில் பையை எடுத்துக்கொண்டு காலை வண்டியில் ஏறிப் போய்விடும், மாலை வண்டியில் அடுத்த மாதம் வந்துவிடும். மாதத்துக்கு இத்தனை நாள் என்ற கணக்கு அங்கே கிடையாது. கைமணம் உள்ள வீட்டில் முறை விழுந்தால் மாதம் நீளும், தண்ணீர்க் குழம்பு வைக்கிற வீட்டில் விழுந்தால் சட்டென்று முடியும். அதனால் மாதச் சம்பளக்காரர்கள் எல்லாரும் வாய்க்கு ருசியாகச் சமைக்கத் தெரியாத வீடுகளுக்கே முறை வர வேண்டும் என்று சாமியைக் கும்பிட்டுக்கொள்வார்கள்.

ஆண்டுக்கு ஒன்பது பேர். முதலில் வருகிற ஈசல் சின்னப் பெண், விளக்கைக் கண்டால் அதன் பக்கத்திலேயே உட்கார்ந்துகொள்வாள். அவளுக்குப் பின்னால் வருகிற மிதப்பு எந்நேரமும் நனைந்த சேலையோடு இருப்பாள், அவள் உட்கார்ந்த இடத்தை மூன்று வீட்டுத் துணி போட்டுத் துடைத்தாலும் ஈரம் போகாது. அறுப்பி உயர்ந்த, கறுத்த பெண், வந்து இறங்கியதுமே அரிவாள் எங்கே என்றுதான் கேட்பாள். அவளுக்கு அடுத்தவர் ஆறல். அவர் வயசாளி, ஒடிசலான உடம்பு, வெள்ளை வேட்டி, லேசான கூன். அவர் வரும்போது அறுவடை முடிந்து வைக்கோல் போர் ஏறியிருக்கும், மழை இருக்காது, வெயில் உறைக்காது, யாருக்கும் எந்த அவசரமும் இருக்காது. அதனால்தான் வெண்ணிக்கரைக்காரர்கள் செய்ய மனமில்லாத எதையும், செய்ய ஆசைப்பட்டும் பயப்படுகிற எதையும், அவர் தலையில் வைத்தார்கள். ஆறலில் பார்த்துக்கலாம் என்றார்கள். கிழக்குத் தெருவில் கிணறு வெட்டுவது, அக்கா தங்கைச் சண்டையைத் தீர்ப்பது, பல் பிடுங்குவது, மகனிடம் உண்மையைச் சொல்வது எல்லாமே ஆறலில். ஆறல் வருவார், ஊர் கால் நீட்டிப் படுத்திருக்கும், ஆறல் போவார், அடுத்த ஆறலில் பார்த்துக்கலாம் என்பார்கள்.

பேருந்து திரும்புகிற இடத்தில் மாவு மில் வைத்திருந்த அரியநாச்சிக்கும் அவரிடம் ஒன்று இருந்தது. அவள் வீட்டுக்காரன் தவசிலிங்கம், ஊரில் எல்லாருக்கும் தவசி, படகு இன்ஜின் பார்க்கிற வேலைக்கென்று கடலோரப் பட்டணத்துக்குப் போனவன். அங்கே மாதங்கள் ஆளாக வருவதில்லை, சுவரில் தொங்குகிற தாளில் தினமும் கிழிபடும். போன முதல் ஆண்டு ஆறலில் வந்துவிடுகிறேன் என்றான். அதற்குப் பிறகும் மில் தொலைபேசியில் கூப்பிடும்போதெல்லாம் அதையே சொன்னான். அவன் கெட்டவன் இல்லை, குரலில் பாசம் இருந்தது, சொல்லும்போது நிஜமாகவே வரப்போகிறவன் மாதிரிதான் சொன்னான். அவளும் நிஜமாகவே நம்பினாள். பின்கட்டில் கூரை சரிந்து கிடந்தது, வீட்டுக்காரர் வந்து பார்க்கட்டும் என்று விட்டிருந்தாள். மில்லில் இரண்டாவது மிஷின் போட இடம் இருந்தது, அதையும் அவர் வரட்டும் என்று விட்டிருந்தாள். இப்படி விட்டு விட்டு அவளுக்குத் தலைமுடியில் நரை ஏறிவிட்டது.

அந்த ஆண்டு ஆறலுக்கு அவள் வீட்டில் முறை விழுந்தது. வீடுகளின் முறையைக் கவனித்துச் சொல்கிற முறைக்காரர் மாசாணம் அவளிடம் வந்து, தனியாக இருக்கிற பெண், சிரமமென்றால் அடுத்த வீட்டுக்குத் தள்ளிவிடுகிறேன் என்று சொல்லிப் பார்த்தார். வேண்டாம் மாமா, நானே வச்சுக்கிறேன் என்றாள் அரியநாச்சி. அவளுக்கு ஆறலிடம் கேட்க ஒரு கேள்வி இருந்தது.

மாலை வண்டியிலிருந்து அவரைக் கைத்தாங்கலாகத்தான் இறக்க வேண்டியிருந்தது. நடத்துநர் இன்னாசி ஒரு பக்கம் பிடித்துக்கொண்டான், அவள் ஒரு பக்கம் பிடித்துக்கொண்டாள். கூன் முன்பைவிட அதிகமாகி, பார்வை எப்போதும் தரையிலேயே இருந்தது. மிளகாய் நெடிக்கு அவர் இருமியதைப் பார்த்துவிட்டு, அவர் போகிறவரைக்கும் மிளகாய் அரைப்பதில்லை என்று மில் வாசலில் சொல்லிவிட்டாள். வெந்நீர் வைத்துக் கொடுத்தாள், காலுக்கு எண்ணெய் தடவிவிட்டாள், குருணைக் கஞ்சியை ஆற்றி ஆற்றிக் கொடுத்தாள். யாரையாவது பார்த்துக்கொள்வது அவளுக்குப் பிடித்திருந்தது. ஒரு மத்தியானம், கஞ்சியை ஊதிக்கொண்டே கேட்டாள்.

"ஐயா, எங்க வீட்டுக்காரவுக வர்றதை உங்ககிட்டதான் வச்சிருக்காக. இந்தத் தடவையாவது கொண்டாந்தீகளா?"

ஆறல் மூலையைக் காட்டினார்.

"அந்தப் பையைத் திறந்து பாரு தாயி."

திறந்தாள். ஒரு மாற்று வேட்டி, ஒரு துண்டு, பல் உதிர்ந்த ஒரு சீப்பு. அவ்வளவுதான்.

"எல்லாரும் என்கிட்ட வச்சிருக்கோம்னுதான் சொல்றாக," என்றார் ஆறல். "ஒருத்தரும் எதையும் என் கையில குடுத்ததில்லை. ஆனா கனம் மட்டும் வந்துருது தாயி. அது எப்படின்னு எனக்கே விளங்கலை."

சில நாள் கழித்து, வெயில் சுவரின் பாதிவரை இறங்கியிருந்த ஒரு முற்பகலில், கஞ்சிக் கிண்ணத்தை அவள் கையில் கொடுத்துவிட்டு, நல்லா இருந்துச்சு என்று சொல்லி, சுவரில் சாய்ந்து, ஆறல் இறந்துபோனார்.

ஒரு மாதம் செத்தால் என்ன முறை என்று வெண்ணிக்கரையில் யாருக்கும் தெரியவில்லை. ஊரில் மூன்று சுடுகாடுகள், மூன்று சாதிக்கும் தனித்தனி. ஆறல் மூன்று சாதி வீட்டிலும் சாப்பிட்டவர். கடைசியில் பேருந்து திரும்புகிற இடத்துக்கு மேலே, எந்தச் சாதிக்கும் சேராத புறம்போக்கில் குழி வெட்டினார்கள். வாய்க்கரிசியை யார் போடுவது என்று கேள்வி வந்தபோது, கடைசியாகக் கஞ்சி கொடுத்தவள்தான் என்று மாசாணம் சொல்லிவிட்டார், அரியநாச்சி போட்டாள். ஊர் மொத்தமும் வந்திருந்தது. அழாதவர் இல்லை. ஆனால் அவள் நின்ற இடத்திலிருந்து பார்த்தபோது, ஒவ்வொருவரும் ஆறலுக்காக அழவில்லை, தாங்கள் அவரிடம் வைத்திருந்த ஏதோ ஒன்றுக்காகத்தான் அழுகிறார்கள் என்று தெரிந்தது. தானும் அப்படித்தான் அழுகிறோம் என்றும் தெரிந்தது.

அன்று மாலை வண்டியில் புழுதி வந்து இறங்கினான். வாயாடி, வரும்போதே யாரையாவது வம்புக்கு இழுத்துக்கொண்டு வருகிறவன். செய்தியைச் சொன்னார்கள். அன்றைக்கு அவன் வாய் திறக்கவில்லை. மறுநாள் சோற்றுக்கு ஊறுகாய் இல்லையா என்று கேட்டான், ஊர் கொஞ்சம் மூச்சு விட்டது.

தள்ளிப்போட இடம் இல்லாமல் போனால் மனிதர்கள் என்ன செய்வார்கள் என்பதை வெண்ணிக்கரை அந்த ஆண்டு முழுக்கப் பார்த்தது. ஆறலில் பார்த்துக்கலாம் என்று வாய் பாதி சொல்லும், அப்புறம் நின்றுவிடும், சொன்னவரும் கேட்டவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொள்வார்கள். ஒருவர் கெட்டிக்காரத்தனமாக அனலியில் பார்த்துக்கலாம் என்று சொல்லிப் பார்த்தார்; அனலி கோபக்காரி, அவள் வந்த மூன்றாம் நாள் அவருடைய வைக்கோல் போர் தானாகப் பற்றிக்கொண்டது, அதற்குப் பிறகு வேறு எந்த மாதத்தின் தலையிலும் கை வைக்க யாருக்கும் துணிச்சல் வரவில்லை. வேறு வழியில்லாமல் கிழக்குத் தெருவில் கிணறு வெட்டினார்கள், தண்ணீர் மேலாகவே இருந்தது. ஒரு சுவரின் இரண்டு பக்கத்திலும் இருந்துகொண்டு பேசாமலே நரைத்துப்போன அக்கா பூவாயி வீட்டு வாசலில், தங்கை ராக்கம்மா ஒரு காலையில் போய் நின்றாள். என்ன சொல்வது என்று தெரியாமல் கொஞ்சம் கறிவேப்பிலை இருக்கா என்று கேட்டாள். பூவாயி மரத்தின் பாதியை ஒடித்துக்கொண்டு வந்து கொடுத்தாள். எல்லாமே நல்லபடியாக முடிந்தது என்று சொல்ல முடியாது. சில வீடுகளில் சொல்லப்பட்ட உண்மையைத் தாங்க முடியாமல் பாகம் பிரிந்தார்கள். கணக்கு வாத்தியார் தேவசகாயம் அடுத்த ஆறலில் ஓய்வு பெற வேண்டியவர். ஆறலே இல்லாததால் ஓய்வும் இல்லை என்று மேலிடத்திலிருந்து சொல்லிவிட்டார்கள். அவர் பின்னங்களைப் பிள்ளைகள்மேல் எறிகிற மாதிரி நடத்திக்கொண்டிருந்தார்.

தவசி கூப்பிட்டபோது அரியநாச்சி சொன்னாள், ஆறல் செத்துப்போயிட்டாரு என்று. அவன் முதலில் சிரித்தான். பிறகு கம்பியில் கடல் இரைவது மட்டும் கேட்டது. அப்ப நான் எப்ப வர்றது என்று கேட்டான். எனக்குத் தெரியாது என்றாள். அதைச் சொன்னபோது அவளுக்குக் கோபமோ அழுகையோ வரவில்லை, வெறும் உண்மையைச் சொன்ன மாதிரிதான் இருந்தது. தொலைபேசியை வைத்துவிட்டுப் பின்கட்டுக்குப் போய்ச் சரிந்த கூரையை நிமிர்ந்து பார்த்தாள். புழுதி முடிவதற்குள் ஆள் வைத்துக் கூரையைப் பிரித்து ஓடு போட்டாள். மிதப்பு வருவதற்குள் இரண்டாவது மிஷின் வந்துவிட்டது. அரிசிக்கு ஒன்று, மிளகாய்க்கு ஒன்று. மழை ஓட்டில் விழுகிற சத்தத்தைக் கேட்டுக்கொண்டு அந்த அறையில் படுத்தபோது, இவ்வளவு நாளும் இந்தச் சத்தம் எங்கே போயிருந்தது என்று அவளுக்கு ஆச்சரியமாக இருந்தது.

மறுபடி அறுப்பி வந்தாள், அரிவாளைக் கேட்டாள், களம் நிறைந்தது. அவள் கிளம்புகிற நாள் நெருங்க நெருங்க ஊர் அவளை விழுந்து விழுந்து உபசரித்தது, ஒரு வீட்டில் கோழி அடித்தால் இன்னொரு வீட்டில் ஆடு. அறுப்பி எல்லாவற்றையும் சாப்பிட்டாள். எத்தனை நாள்தான் சாப்பிடுவாள், ஒரு காலையில் வயிற்றைத் தடவிக்கொண்டு, போதும்ப்பா என்று சொல்லிவிட்டு வண்டி ஏறிவிட்டாள். அன்று மாலை வண்டியிலிருந்து ஒரு மூட்டை உரமும் இன்னாசியும் மட்டும் இறங்கினார்கள்.

மாதம் இல்லாத நாட்கள் அப்படித் தொடங்கின, தொடங்கின என்று சொல்வதுகூடச் சரியில்லை. சூரியன் வந்தது, போனது, ஆனால் அது எந்த நாளாகவும் ஆகவில்லை. அரைத்து வைத்த மாவு புளிக்கவில்லை. உறை ஊற்றிய பால் பாலாகவே இருந்தது. அடைகாத்த கோழிகள் அப்படியே கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தன. சவரம் செய்த முகத்தில் மறுபடி முடி வரவில்லை என்று சிலர் முதலில் சந்தோஷப்பட்டார்கள். ஊர் இதற்கும் பழகத் தொடங்கியது. புளிக்காத மாவில் ரொட்டி சுட்டார்கள், தயிருக்குப் பதிலாக எலுமிச்சை பிழிந்துகொண்டார்கள். பூவாயியின் மகள் சீதேவி மட்டும் இல்லாவிட்டால் முழுக்கப் பழகியிருப்பார்கள்.

சீதேவி தலைப்பிரசவத்துக்குத் தாய்வீடு வந்திருந்தாள். அறுப்பி வண்டி ஏறிய அதே காலையில் அவளுக்கு வலி எடுத்தது; வண்டி மலை வளைவில் மறைந்ததும் வலி பாதியில் நின்றுவிட்டது. போகவும் இல்லை, வரவும் இல்லை. பிள்ளை இடுப்பில் இறங்கி அங்கேயே நின்றது. பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகலாமென்று வண்டியில் ஏற்றினார்கள். ஊர் எல்லை தாண்டியதும் வயிற்றில் அசைவே நின்றுபோக, பதறித் திருப்பிக்கொண்டு வந்தார்கள், எல்லைக்குள் வந்ததும் அசைந்தது. வெண்ணிக்கரையின் மாதங்களில் வளர்ந்த பிள்ளை, சுவரில் கிழிபடுகிற மாதத்தில் பிறக்க மறுத்தது. அவள் நிற்கவும் முடியாமல் படுக்கவும் முடியாமல், சுவரைப் பிடித்துக்கொண்டு, பாதி வலியின் மேலேயே நின்றுகொண்டிருந்தாள். ராக்கம்மா அக்காவை நகர்த்திவிட்டுத் தானே அவள் இடுப்பைப் பிடித்துக்கொண்டாள். ஊர் மொத்தமும் மாலை வண்டிக்குப் போய்த் திருப்பத்தில் நிற்பது, ஒருவரும் இறங்காததைப் பார்த்துவிட்டுத் திரும்புவது என்று ஆகிவிட்டது.

அப்படி நின்ற ஒரு மாலையில்தான் தவசி வந்து இறங்கினான்.

தலை நரைத்திருந்தது, கையில் ஒரு பை. அவன் கால் தரையில் பட்டதும் எங்கோ ஒரு கோழி எழுந்து சிறகை உதறிக்கொண்டு கேறியது, பூவாயி வீட்டிலிருந்து சீதேவியின் அலறல் வந்தது. நின்றவர்கள் ஒருவரும் அசையவில்லை. மாசாணம் துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு முன்னால் வந்து, வாங்க என்று கும்பிட்டார். மாமா, நான்தான் தவசி, நாச்சியா வீட்டுக்காரன், தெரியலையா என்று அவன் சிரித்துக்கொண்டே மில்லைப் பார்த்து நடந்தான். அலறல் நின்றுவிட்டது. அவனும் நின்றான். என்ன சத்தம் அது என்று கேட்டுக்கொண்டு கிழக்குத் தெருப் பக்கம் திரும்பி ஓர் அடி வைத்தான், அலறல் மறுபடி எழுந்தது. அந்தத் தெருவில்தான் தேவசகாயம் வாத்தியார் வீடு இருந்தது. இந்த மாதத்துக்கு முறை அவர் வீட்டில்.

இறங்கியிருப்பது மாதம்தான் என்று எல்லாருக்கும் புரிந்துவிட்டது. எல்லாரும் மில் வாசலைப் பார்த்தார்கள், அங்கே அரியநாச்சி முழங்கைவரை மாவோடு நின்றுகொண்டிருந்தாள். அவள் அவனையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் நெற்றியில் ஒரு தழும்பு புதிதாக இருந்தது, அது எப்போது பட்டது என்று தெரியவில்லை.

"நீ சொல்லு தாயி," என்றார் மாசாணம். "உன் புருசன்னு கூட்டிட்டுப் போனாலும் சரிதான். இந்த ஊர்ல ஒருத்தரும் உன்னை ஒரு வார்த்தை சொல்ல மாட்டாக."

சொல்ல மாட்டார்கள் என்று அவளுக்கும் தெரியும், அதுதான் கனமாக இருந்தது. யாராவது கெஞ்சியிருந்தால், யாராவது மிரட்டியிருந்தால், கையை நீட்டி அவனை இழுத்துக்கொண்டு உள்ளே போய்க் கதவைச் சாத்தியிருப்பாள். அவள் இறங்கி வந்து அவன் எதிரில் நின்றாள்.

"சாப்டீகளா?"

"இல்ல."

"வாத்தியார் வீட்லதான் முறை," என்றாள். "போய்ச் சாப்பிடுங்க."

இருட்டுவதற்கு முன்னால் சீதேவிக்குப் பெண் பிறந்தது.

மறுநாளிலிருந்து மாவு புளித்தது, பால் உறைந்தது, தவசி மாதம் நடந்தது. ஊர் அவனை மாதமாக ஏற்றுக்கொள்ள ஒரு பொழுதுகூட எடுத்துக்கொள்ளவில்லை. முன்பெல்லாம் வாடா போடா என்றவர்கள் வாங்க போங்க என்றார்கள், அவனோடு ஆற்றில் குளித்து வளர்ந்தவர்கள் எதிரில் வந்தால் ஒதுங்கி வழி விட்டார்கள். மற்ற மாதங்களுக்கும் ஒரு காலத்தில் பெண்டாட்டி, பிள்ளை, ஊர் என்று இருந்திருக்குமோ, அறுப்பி எந்த ஊரில் யாருக்குத் தங்கையோ என்று அரியநாச்சி முதல்முறையாக யோசித்தாள். தவசி தினமும் மத்தியானம் மில்லுக்கு வந்து சாக்கின்மேல் உட்கார்ந்தான். மிஷின் ஓடும்வரை பார்த்துக்கொண்டிருப்பான். பெல்ட் அறுந்து மிஷின் நின்ற ஒரு நாளில்தான் பேச முடிந்தது.

"ஆறல் இருந்தவரைக்கும், போகணும்னு நினைச்சாலே போய்ட்டு வந்த மாதிரி இருந்துச்சு நாச்சியா," என்றான். "அவரு செத்துட்டாருன்னு நீ சொன்னப்புறம் அந்த நினைப்பை வைக்க இடமில்லை. தூங்கினா நெஞ்சுமேல உட்காருது. அதான் எல்லாத்தையும் விட்டுட்டு வந்தேன். இருக்கத்தான் வந்தேன்."

"தெரியும்."

"அப்புறம் ஏன் என்னைய அங்க அனுப்புன?"

அந்தப் பிள்ளைக்காக என்பது உண்மை. ஆனால் அதுவே முழு உண்மை இல்லை என்று அவளுக்குத் தெரியும். அவன் வண்டியிலிருந்து இறங்கிய நொடியில், அவள் போட்ட ஓடும், அவள் வாங்கிய மிஷினும், அவள் தனியாக வாழ்ந்து முடித்த அந்த ஓர் ஆண்டும் அவள் கண்முன்னே வந்து நின்றன; அதில் இவர் எங்கே உட்காருவார் என்று ஒரு கணம் யோசித்தாள், இடம் தெரியவில்லை. இருந்தும் அவன் பசியோடு நிற்கிறானா என்பதுதான் அவள் வாயில் முதலில் வந்தது. இரண்டும் ஒன்றாக இருந்தன. இதை எப்படிச் சொல்வது என்று தெரியாமல், அந்தப் பிள்ளை வர வேண்டியிருந்துச்சுல்ல என்று மட்டும் சொன்னாள், பெல்ட்டை மாட்டினாள்.

வாத்தியார் மனைவியின் சமையல் ஊரறிந்தது. அந்த வீட்டில் முறை விழுந்த மாதங்கள் எல்லாம் ஓடியே போயிருக்கின்றன. தவசி போகவில்லை. அந்தப் புளிக்குழம்பையும் இரண்டு தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டுக்கொண்டு, அரியநாச்சி இரு என்று சொல்லமாட்டாளா என்று மாதத்தை நீட்டிக்கொண்டே போனான். வெண்ணிக்கரை அவ்வளவு நீளமான மாதத்தைக் கண்டதில்லை. சம்பளக்காரர்கள் சுருங்கிப் போனார்கள். மலைக்கு அந்தப் பக்கம் புழுதி பையோடு உட்கார்ந்து எல்லாரையும் திட்டிக்கொண்டிருப்பதாக இன்னாசி வந்து சொன்னான். ஊரில் மற்றவர்கள் சோம்பலாகக் கால் நீட்டினார்கள், வேலை இல்லை, மழை இல்லை, வெயில் உறைக்கவில்லை. அப்போதுதான் யாரோ ஒருவர், வாய்க்கால் தூர் வாருவதைப் பற்றியோ எதையோ, தவசியில் பார்த்துக்கலாம் என்றார். சொல்ல வசதியாக இருந்தது. ஒரு வாரத்தில் ஊர் முழுக்க அதே பேச்சு.

அந்த வார்த்தையைச் சொன்னவர் தானியத்தை அரைக்க மாட்டேன் என்று அரியநாச்சி மில் வாசலில் நின்று சொன்னாள். முதலில் சிரித்தார்கள். அவள் மாசாணத்தின் கேழ்வரகையே திருப்பி அனுப்பியபோது சிரிப்பு நின்றது. ஆனால் மில் வாசலில் அடக்கிய நாக்கை வீட்டில் போய் அவிழ்த்துவிட்டார்கள். மத்தியானம் வந்து சாக்கின்மேல் உட்கார்ந்தவன் எழுந்திருக்கும்போது முழங்காலில் கை ஊன்றினான். அடுத்த நாள் சுவரைப் பிடித்தான். அவன் தோள்கள் முன்னால் சரிந்திருப்பதை அவள் பார்த்தாள். அன்று மிஷினை நிறுத்திவிட்டு, கையைக்கூடக் கழுவாமல் வாத்தியார் வீட்டுக்குப் போனாள். அவன் வாசலில் வெயிலில் உட்கார்ந்திருந்தான்.

"கிளம்புங்க," என்றாள். "இன்னும் இருந்தா உங்க தலையில எல்லாத்தையும் ஏத்திருவாக."

"போகச் சொல்றியா?"

"போனா வருவீகல்ல. மாசமாச்சே. வராம இருக்க முடியாது."

அவன் சிரித்தான். அவன் சிரிப்பை அவள் அவ்வளவு பக்கத்தில் பார்த்துப் பல காலம் ஆகியிருந்தது. உன் வீட்டு முறை திரும்ப எப்ப வரும் என்று கேட்டான். ஊரை ஒரு சுற்றுச் சுற்றி வர வேண்டும், கிழவி ஆகிவிடுவேன் என்றாள். நானும் என்றான். மாதங்கள் கிழடாவது மெதுவாகத்தான் என்றாள் அவள். அவன் தரையில் கையை ஊன்றாமல் எழுந்திருக்க முயன்றான், முடிந்தது.

வெண்ணிக்கரையில் ஒரு மாதத்தை வழியனுப்பும்போது ஊரில் எல்லாரும் திருப்பத்துக்கு வந்து, அதன் பெயரைச் சொல்லி ஒரு தடவை கூப்பிடுவார்கள். ஒருத்தர் பாக்கி இருந்தாலும் மாதத்துக்குத் திரும்பி வர வழி தெரியாமல் போகும் என்பது நம்பிக்கை. மறுநாள் காலை வண்டியில் தவசி ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்தான். மாசாணம் கூப்பிட்டார். வாத்தியார் ஆசையோடு கூப்பிட்டார். பூவாயியும் ராக்கம்மாவும் சேர்ந்தே கூப்பிட்டார்கள். கைக்குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு சீதேவி கூப்பிட்டாள், இன்னும் பேசத் தெரியாத பிள்ளைக்காக இன்னொரு முறையும் கூப்பிட்டாள். இன்ஜின் உறுமிக்கொண்டிருந்தது. இன்னாசி விசிலை வாயில் வைத்துக்கொண்டு ஊதாமல் நின்றான்.

ஒரு குரல் பாக்கி இருந்தது என்று எல்லாருக்கும் தெரியும். அரியநாச்சி அந்தப் பெயரைத் தன் வாயால் ஒரு நாளும் சொன்னதில்லை. புருசன் பெயரைச் சொல்லுகிற வழக்கம் அவள் பிறந்த வீட்டிலும் இல்லை, வாழ்ந்த வீட்டிலும் இல்லை. ரேஷன் கடையில் கேட்டால்கூடப் பக்கத்தில் நிற்கிறவள்தான் எடுத்துச் சொல்வாள். அவளுக்கு அவன் அவுக, வீட்டுக்காரவுக, தொலைபேசியில் வெறும் என்னங்க. கூட்டத்தில் ஒருவரும் அவள் பக்கம் திரும்பவில்லை, அந்த அளவுக்கு மரியாதை தெரிந்த ஊர் அது. எல்லாரும் பேருந்தின் சக்கரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். தவசி மட்டும் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு அவளைப் பார்த்தான்.

"தவசி," என்றாள்.

சின்னதாகத்தான் வந்தது. அவனுக்குக் கேட்டது, தோள்கள் நிமிர்ந்ததை அவள் பார்த்தாள். இன்னாசி விசில் ஊதினான், வண்டி திரும்பி மலைப்பக்கம் ஏறியது, கூட்டம் கலைந்தது, மில் வாசலில் மிளகாயும் கோதுமையும் வைத்துக்கொண்டு நாலைந்து பெண்கள் ஏற்கனவே காத்திருந்தார்கள். அவள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு இரண்டு மிஷினையும் ஓட விட்டாள். சத்தம் நிறைந்து, பேசினால் தன் காதுக்கே கேட்காது என்று ஆன பிறகு, கோதுமையைக் கொட்டிக்கொண்டே அந்தப் பெயரை இன்னொரு தடவை சொல்லிப் பார்த்தாள்.